சாரமும் அம்மன் கண்ணும்

"தூக்குமேடையில் ஏறுவதற்கு முன் தலைக்கவசம் கட்டாயம் அணிய வேண்டும்."

பகிடிக்குச் சொல்லவில்லை. போன மாதம் எனக்கு வந்த தாளின் முதல் வரி இதுதான். நான் வேலை செய்து ஓய்வுபெற்ற கம்பெனியில் இப்போது தமிழ்ப் பொடியன்கள் பலர் சேர்ந்திருக்கிறார்கள். யாழ்ப்பாணம், மதுரை, மலேசியா என்று எல்லாப் பக்கத்து ஆட்களும் உண்டு. அவர்களுக்காகப் பாதுகாப்பு விதிகளைக் கணினியில் கொடுத்துத் தமிழாக்கி, "அண்ணே, ஒரு தடவ பாத்துச் சொல்லுங்க" என்று அனுப்பியவன் பிரதீப். மதுரைக்காரன். நான் பார்த்த மேற்பார்வை வேலையை இப்போது பார்ப்பவன் அவன்தான். நியூசிலாந்தில், ஆக்லாந்து நகரின் கிளென் ஈடனில் இருக்கும் என் வீட்டுக் குசினி மேசையில் அந்தத் தாளை வைத்துக்கொண்டு நான் சிரித்த சிரிப்பில் என் மனைவி மலர், "என்னப்பா, என்ன நடந்தது?" என்று கையில் கரண்டியோடு ஓடிவந்தாள்.

நடந்தது இதுதான். கட்டடத்தைச் சுற்றிக் குழாயாலும் பலகையாலும் கட்டுகிற சாரத்துக்கு ஆங்கிலத்தில் ஸ்காஃபோல்ட் என்று பெயர். இருபத்தைந்து வருடத்துக்கு மேல் எனக்குச் சோறு போட்டது அதுதான். அதே சொல்லுக்கு, முன்னொரு காலத்தில் ஆட்களைத் தூக்கிலிட்ட மேடை என்றும் ஒரு பொருள் இருக்கிறது. கணினி அந்தப் பொருளைப் பிடித்துக்கொண்டுவிட்டது. அதோடு நிற்கவில்லை. நாங்கள் லெட்ஜர் என்று சொல்லும் கிடைக்குழாய் பேரேடு ஆகிவிட்டது. 'பேரேட்டை எப்போதும் இருவராகத் தூக்கவும்' என்று எழுதியிருந்தது. டிரான்சம் என்கிற குறுக்குக் குழாய் கப்பலின் பின்பலகையாக மாறியிருந்தது. நிற்கிற குழாய்க்கு ஸ்டாண்டர்ட் என்று பெயர். 'தரங்களை நேராக நிறுத்தவும்' என்று போட்டிருந்தார்கள். அந்த ஒன்றை மட்டும் அப்படியே விட்டுவிடலாமா என்று யோசித்தேன்.

டிரான்சத்துக்குக் கணினியைக் குறை சொல்ல முடியாது. இந்த ஊரிலேயே அந்தச் சொல் மூன்று இடத்தில் வாழ்கிறது. படகுக்காரனைக் கேட்டால், படகின் பின்பக்கம் மோட்டார் மாட்டுகிற பலகை என்பான். பழைய மரவீடுகளைத் திருத்துகிற தச்சனுக்கு அது கதவு நிலைக்கு மேலே போகிற குறுக்குக் கட்டை. எங்களுக்கோ பலகையைத் தாங்குகிற குழாய். ஒரே நாளில் ஒரே தெருவில் மூன்று பேரும் அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டு அவரவர் வேலையைப் பார்த்துக்கொண்டு போவார்கள். ஒருவருக்கும் ஒரு குழப்பமும் வராது.

என் மகள் அபி ஒரு ஆய்வுகூடத்தில் வேலை செய்கிறாள். இங்கேயே பிறந்தவள், நான் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். அன்று சாப்பிட வந்தவள் தாளை எட்டிப் பார்த்துவிட்டு, எங்களிடமும் ஸ்காஃபோல்ட் இருக்கிறதே அப்பா என்றாள். எரிந்துபோன தோலுக்குப் பதிலாகப் புதுத் தோல் வளர்ப்பதற்கு, மெல்லிய வலை மாதிரி ஒன்று செய்து அதில் உயிரணுக்களை ஏற்றுவார்களாம். அவை ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு தாமாக நிற்கும்வரை அந்த வலை தாங்கும்.

"அப்ப வேலை முடிஞ்சாப் பிறகு சாரத்தை ஆர் கழட்டுறது?" என்று கேட்டேன்.

யாரும் கழற்ற வேண்டியதில்லை, அது தானாகக் கரைந்துவிடும் என்றாள். கொடுத்துவைத்த ஆட்கள்! எங்கள் வேலையில் கட்டுவது பாதிக் கஷ்டம், கழற்றுவதுதான் மீதிக் கஷ்டம்.

இனித் தமிழுக்கு வருவோம். 'சாரம்' என்று போட்டால் போயிற்று என்று பார்த்தால், அங்கேயும் சிக்கல். எழுத்தாளர்களுக்குச் சாரம் என்றால் ஒரு விஷயத்தின் சத்து. பாத்திரத்துக்கு ஈயம் பூசுகிறவனுக்கு நவச்சாரம். யாழ்ப்பாணத்துப் பொடியனுக்குச் சாரம் என்றால் இடுப்பில் கட்டுகிற லுங்கி. அவனிடம் போய், 'சாரம் கட்டத் தெரியுமா?' என்று கேட்டால் உம்மைப் பார்த்துச் சிரிப்பான். ஆனாலும் எல்லா இடத்திலும் சாரம் என்றே திருத்தினேன். வேலைத்தளத்தில் தலையில் தொப்பியோடு நிற்கிற ஒருவனுக்கு எந்தச் சாரம் என்று தெரியாமல் போகாது. சொல் எங்கே நிற்கிறதோ அந்த இடம் அதற்குப் பொருள் கொடுத்துவிடும். எனக்குச் சொற்களைப் பற்றிப் பயமில்லை. பயமெல்லாம் மனிதரின் நல்லெண்ணத்தைப் பற்றித்தான்.

அதனால் தாளின் அடியில் நானாக ஒரு வரி சேர்த்தேன். 'எவ்வளவு நல்ல காரியத்துக்கு என்றாலும், சாமிக்காக என்றாலும், ஒரு குழாயைத்தானும் கேட்காமல் கழற்றாதே.'

பிரதீப் உடனே ஃபோன் எடுத்தான். "அண்ணே, எல்லாம் சரி. அந்தக் கடைசி வரியில சாமி எதுக்கு வந்தாரு?"

அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

ஊரில் நான் சங்கக்கடையில் கணக்கெழுதியவன். லெட்ஜர் என்றால் எனக்குச் சிவப்புத் துணி அட்டை போட்ட பெரிய கொப்பி. அகதியாக இங்கே வந்தபின், பக்கத்து வீட்டிலிருந்த சியோனே என்கிற டொங்கா நாட்டுக்காரன் தன்னுடைய கம்பெனிக்கு என்னைக் கூட்டிப்போனான். முதல் நாள் காலையில் ஒரு லெட்ஜர் எடுத்துவரச் சொன்னார்கள். நான் நேரே ஒஃபிசுக்குப் போய் அங்கிருந்த பெண்ணிடம் பணிவாகக் கேட்டேன். அவளும் மேசை லாச்சியெல்லாம் இழுத்துத் தேடத் தொடங்கிவிட்டாள். பாவம், அவளும் அன்றைக்குத்தான் சேர்ந்தவள். வெளியே முற்றத்தில் சிரிப்பு அடங்க வெகுநேரமாயிற்று. அதற்குப் பிறகு சில வருடங்கள் தூக்கினேன், ஏற்றினேன், இறக்கினேன், தோள் காய்த்தது. பரீட்சை எழுதி, உயரமான சாரம் கட்டவும் பார்வையிடவும் சான்றிதழ் எடுத்தேன். அந்தக் காலத்தைப் பற்றிச் சொல்ல வேறொன்றும் இல்லை.

சொல்ல வேண்டியது என் மேலாளர் ஹேமியைப் பற்றி. இந்த மண்ணின் மாவோரி மனிதர், கதவை அடைக்கிற உடம்பு, குரல் மட்டும் தாழ்ந்த குரல். ஒரு சாரத்தைப் பார்க்க வந்தால் முதலில் ஏறமாட்டார். இரண்டு கையையும் சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டு அடியை ஒரு சுற்றுச் சுற்றுவார். யாராவது அப்போது கதைத்தால் பதில் வராது. அடிப்பலகை மண்ணில் பதிந்திருக்கிறதா, மழையில் ஒரு பக்கம் இளகியிருக்கிறதா, குழாயின் அடித்தகடு பலகையின் நடுவில் நிற்கிறதா என்று பார்ப்பார். பிறகு ஒரு கையை வெளியே எடுத்து, நிற்கிற குழாயில் உள்ளங்கையை வைப்பார். குழந்தைக்குக் காய்ச்சல் பார்ப்பதுபோல் இருக்கும். மேலே வேலை செய்பவர்களின் நடை அந்தக் குழாய் வழியாகக் கைக்கு வரும் என்பார். அதற்குப் பிறகுதான் ஏணியில் கால் வைப்பார்.

ஏறினால், குழாய்களைப் பிணைக்கிற ஒவ்வொரு கவ்வியாக, ஒவ்வொரு தட்டாகப் பார்ப்பார். கடைசியில் சாய்வுக் குழாய்கள். நேராக நிற்பதையும் கிடையாகப் போவதையும் எத்தனை சேர்த்தாலும் அது வெறும் சதுரம். ஒரு பக்கம் தள்ளினால் சரியும். மூலைக்கு மூலை சாய்வாக ஒரு குழாய் போட்டால்தான் அசையாமல் நிற்கும். எல்லாம் சரியென்றால் ஏணியடியில் தொங்கும் உறையில் ஒரு பச்சை அட்டையைச் செருகிக் கையெழுத்துப் போடுவோம். அட்டையை உருவினால் உறையின் அடியில் சிவப்பில் 'ஏறாதே' என்று தெரியும். அட்டையில் யாருடைய பெயர் இருக்கிறதோ அவர்தான் அந்தச் சாரத்தில் ஏறும் எல்லோருக்கும் பொறுப்பு. ஹேமி அதில் கண்டிப்பு என்றால் அப்படியொரு கண்டிப்பு.

சியோனே விழுந்தது ஆல்பனியில் ஒரு ஒஃபிஸ் கட்டடத்தில். நான் அன்று நகரின் மறுபக்கம், பாட்டனி என்கிற இடத்தில் வேறு வேலையில் நின்றேன். ஜன்னல் சட்டத்தை உள்ளே கொண்டுபோக யாரோ கைப்பிடிக் குழாயைக் கழற்றியிருக்கிறார்கள். பத்து நிமிட வேலை என்று நினைத்திருப்பார்கள். திருப்பி மாட்டும்போது கவ்வியை இறுக்கவில்லை. சியோனே வழக்கம்போல அதில் சாய்ந்தான். உயிர் தப்பிவிட்டது. ஆனால் பழைய நடை திரும்பவில்லை. என்னை இந்த வேலைக்குக் கூட்டிவந்தவன், ஒரு கையால் இரண்டு குழாய் தூக்கியவன், கோலூன்றிக்கொண்டு தபால் பெட்டிவரை போய்வருவதை இன்றைக்கும் பார்க்கிறேன்.

மறுநாள் ஹேமி எல்லோரையும் கூப்பிட்டு நிறுத்தினார். கழற்றியது யார் என்று கேட்பார், ஒருவனின் சீட்டுக் கிழியும் என்று நினைத்தோம். அவர் அதைக் கேட்கவேயில்லை. "காலையிலிருந்து அந்தக் கவ்வியைக் கடந்து போனது யார் யார்?" என்று மட்டும் கேட்டார். ஒரு கை உயர்ந்தது. பிறகு இன்னொன்று. கடைசியில் பார்த்தால் பெரும்பாலும் எல்லாக் கையும் மேலே இருந்தது. அவர் தலையை ஆட்டிவிட்டுப் போய்விட்டார்.

இனிக் கோயில். பெயர் வேண்டாம். நகரின் ஓரத்தில், தமிழர்கள் சேர்ந்து கட்டிய கோயில், கும்பாபிஷேகத்துக்குத் தயாராகிக்கொண்டிருந்தது. கோபுரத்தில் சுதை உருவங்கள் செய்து வர்ணம் தீட்டத் தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து ஒரு ஸ்தபதியும் உதவியாட்களும் குறுகிய விசாவில் வந்திருந்தார்கள். சாரம் எங்கள் கம்பெனியுடையது. அட்டையில் பெயர் என்னுடையது. அந்தக் கோயிலுக்கு நாங்கள் குடும்பமாகப் போகிறவர்கள், மலர் பூமாலை கட்டுகிற பெண்கள் கூட்டத்தில் இருக்கிறாள்.

ஸ்தபதி சண்முகம் ஒல்லியான மனிதர், என் வயதுதான் இருக்கும். வந்த அன்றே மேலே பார்த்து, "சாரம் நல்லா உறுதியா கட்டியிருக்கீங்க சார்" என்றார். பக்கத்தில் நின்ற எங்கட பொடியன்கள் என் இடுப்பைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தார்கள். நான் காற்சட்டைதான் போட்டிருந்தேன்.

முதல் வில்லங்கம் சப்பாத்தில் வந்தது. சாரத்தில் ஏறுகிறவர் இரும்பு முனை வைத்த சப்பாத்துப் போட வேண்டும். சுவாமி இருக்கும் கோபுரத்தில் செருப்புக் காலோடு ஏறமாட்டேன் என்று ஸ்தபதி ஒரே பிடியாக நின்றார். நான் ஹேமியிடம் போனேன். அவர் சிரிக்கவில்லை. "எங்கள் மாவோரிப் பொதுக்கூடத்துக்குள்ளும் சப்பாத்தோடு போகமாட்டோம்" என்றார். பிறகு இரும்பு முனை வைத்த, ஆனால் தோல் சேராத, துணியாலான புதுச் சப்பாத்துகளைக் கொண்டுவந்து ஏணியடியில் ஒரு பெட்டியில் வைத்தார். அவை மண்ணை மிதிக்கக்கூடாது. ஏணியின் முதல் படியில் உட்கார்ந்து போட்டு, இறங்கியதும் அங்கேயே கழற்ற வேண்டும். ஸ்தபதி ஒரு சப்பாத்தை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், முகர்ந்தும் பார்த்தார். "தோல் இல்லையே? அப்பச் சரிங்க" என்றார். அந்தப் பிரச்சினை அப்படி முடிந்தது.

இரண்டாவது, துணி. கண் திறக்கும்வரை உருவங்கள் ஊர் பார்வைக்குத் தெரியக்கூடாது என்று சாரத்தின் முன்பக்கம் முழுக்கத் துணி கட்டச் சொன்னார்கள். துணி கட்டினால் சாரம் பாய்மரம் ஆகிவிடும், காற்றைப் பிடித்து இழுக்கும். ஆக்லாந்துக் காற்றைப் பற்றி யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. வழக்கமாகச் சாரத்தைக் கட்டடச் சுவரில் துளைபோட்டுப் பிணைப்போம். கோபுரத்தில் துளை போட முடியாது. ஆகவே கணக்குப் பார்த்துச் சாய்வுக் குழாய்களைக் கூட்டினோம். துணி வந்ததால் வந்த குழாய்கள் அவை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லா உருவங்களுக்கும் வர்ணம் தீட்டி முடித்து, கடைசியாகத்தான் கண்மணி எழுதுவார்கள். அதுதான் கண் திறத்தல். திறந்த கண்ணின் முதல் பார்வை ஆள் மேல் படக்கூடாது என்று எதிரே ஒரு கண்ணாடி பிடிப்பார்கள். முன்பக்கம் மேல் நிலையில் இருக்கும் அம்மனுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை முகூர்த்தம் வைத்திருந்தார்கள். அன்று காலை, ஆட்கள் வந்து சேருவதற்கு முன், நான் பார்வையிடப் போனேன். அடி சரி. முதல் தட்டு சரி. மேலே போனால், அம்மனுக்கு முன்னால் இருந்த சாய்வுக் குழாய் இல்லை.

களவு போகவில்லை. மிகுந்த மரியாதையோடு கழற்றப்பட்டிருந்தது. கவ்விகளை ஒரு மஞ்சள் துணியில் முடிந்து ஓரமாக வைத்திருந்தார்கள். குழாயைச் சுவரோரம் படுக்கவைத்து, அதற்குச் சந்தனப் பொட்டும் குங்குமமும் வைத்திருந்தார்கள். ஒரு வேலைத்தளத்தில் பாதுகாப்பு விதியை இத்தனை பக்தியோடு மீறியதை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

ஸ்தபதி அங்கேதான் உட்கார்ந்து கறுப்பு மை குழைத்துக்கொண்டிருந்தார்.

"ஸ்தபதியார், இது என்ன வேலை? இந்தக் குழாயை ஆர் கழட்டினது?"

"நான்தான் சார். ஆத்தா கண்ணுக்குக் குறுக்க நிக்குதுல்ல? கண் தொறக்குறப்ப மொதப் பார்வை கண்ணாடியில விழணும். நடுவுல கம்பி நின்னா எப்படிங்க? பத்து நிமிஷ வேலை. முடிஞ்சதும் நானே மாட்டிடுறேன்."

பத்து நிமிஷம்! எனக்குக் கோபம் உச்சிக்கு ஏறிவிட்டது.

"முதல்ல இறங்குங்கோ."

"சார், முகூர்த்தம்..."

"இறங்குங்கோ எண்டு சொல்லுறன்!"

நான் முதலில் இறங்கினேன். ஏணியடியில் என் பெயரிருந்த பச்சை அட்டையை உருவி எடுத்தேன். உறையில் சிவப்புத் தெரிந்தது. ஹேமிக்கு ஃபோன் போட்டேன்.

அதற்குள் சனம் வந்துவிட்டது. பட்டுச் சேலைகள், பால்குடங்கள், பிள்ளைகள். கோயில் சபைத் தலைவர் நடேசலிங்கம் என்னிலும் மூத்தவர், கோயிலுக்காக ஓடி ஓடி உழைத்த மனிதர், அதை மறுக்கமாட்டேன். சிவப்பைக் கண்டதும் அவருடைய முகம் மாறிவிட்டது.

"தம்பி, நீர் எங்கட ஆள்தானே? ஒரு அரை மணித்தியாலம் கண்ணை மூடிக்கொண்டு நில்லும். பிறகு உம்மடை சட்டத்தைப் பாரும்."

"மேலை நிற்கிற மனுசனும் எங்கட ஆள்தான் அண்ணை."

"அம்பாள் பாத்துக்கொள்ளுவா."

"அட்டையிலை அம்பாளின்ரை பேர் இல்லை அண்ணை. என்ரை பேர்தான் கிடக்கு."

அப்படிச் சொல்லியிருக்கக்கூடாது என்று சிலர் பிறகு சொன்னார்கள். நான் இன்றைக்கும் அதையேதான் சொல்வேன். மலர் மாலைக் கூடையோடு வந்து, என் காதோரம், "இண்டைக்கு ஒருநாளைக்கு வாயை வைச்சுக்கொண்டு சும்மா இருந்தால் என்னப்பா? எல்லாரும் என்னைத்தான் பாக்கினம்" என்றாள். அவள் கண் கலங்கியிருந்தது. அதுதான் எனக்கு வலித்தது. தலைவர் கத்தியது வலிக்கவில்லை.

ஸ்தபதி இன்னும் இறங்கவில்லை. துணிக்குப் பின்னால் அவருடைய நிழல் அசையாமல் இருந்தது. காற்று எழும்பித் துணியை உள்ளே இழுப்பதும் வெளியே தள்ளுவதுமாக இருந்தது. நான் நிற்கிற குழாயில் கையை வைத்தேன். அது சும்மா இருக்கவில்லை.

ஹேமி ஞாயிற்றுக்கிழமை உடுப்போடு வந்தார். பட்டுச் சேலைகளுக்கும் பால்குடங்களுக்கும் நடுவில், இரண்டு கையும் பைக்குள், அடியை ஒரு சுற்று. கூட்டம் அவருக்கு வழிவிட்டு ஒதுங்கியது. பிறகு உள்ளங்கையைக் குழாயில் வைத்தார். வெகுநேரம் கையை எடுக்கவில்லை. பிறகு சப்பாத்தை மாற்றிக்கொண்டு ஏறினார், நான் பின்னால் ஏறினேன். பொட்டு வைத்துக் கிடந்த குழாயைக் கண்டதும் அவர் அதைத் தாண்டாமல் ஒதுங்கிச் சுற்றிப் போனார்.

"ஏன் கழற்றினார்?" என்று என்னிடம் கேட்டார். நான் கண்ணையும் கண்ணாடியையும் முதல் பார்வையையும் பற்றி விளக்கினேன். அவர் அம்மனின் முகத்தைப் பார்த்தார். கண் இருக்க வேண்டிய இடம் வெள்ளையாக இருந்தது.

"நல்ல காரணம், மேட்" என்றார். "ஆனால் காற்றுக்கு அது தெரியாது."

பிறகு வேலையைச் சொன்னார். கண்ணுக்கு வழிவிட வேண்டுமென்றால், முன்பக்கக் குழாய் அங்கே திரும்பி வராது. அதற்குப் பதிலாக இரண்டு பக்கத்திலும் சாய்வுக் குழாய்கள், நிலத்திலிருந்து முட்டுக்கொடுத்து இரண்டு கால்கள், துணியில் பாதியை அவிழ்க்க வேண்டும், கணக்கைப் பொறியியலாளர் பார்த்துச் சரி சொல்ல வேண்டும். நாளைக் காலைக்குள் முடியும். இன்றைக்கு, இந்தக் காலைக்கு, முடியாது. நான் அதை அப்படியே ஸ்தபதியிடம் தமிழில் சொன்னேன். பழைய குழாயைத் திருப்பிப் போட்டுக்கொண்டு இன்றைக்கே கண் திறப்பதானால் திறக்கலாம் என்பதையும் சொன்னேன்.

"கம்பி வழியா ஆத்தா ஊரப் பாக்க வேணாங்க" என்றார் அவர்.

மையைத் தட்டோடு எடுத்து ஒரு துணியால் மூடினார். தூரிகைகளைச் சுருட்டி இடுப்பில் செருகினார். என் முகத்தைப் பார்க்காமல் இறங்கினார். முதல் படியில் உட்கார்ந்து சப்பாத்தைக் கழற்றிப் பெட்டியில் வைத்தார். கூட்டத்தில் யாரோ ஒரு பெண் அழுதாள். முகூர்த்தம் போய்விட்டது.

ஐயர் பஞ்சாங்கத்தைப் பார்த்து, மறுநாள் காலையிலும் ஒரு நேரம் இருக்கிறது, அவ்வளவு சிறப்பில்லை, ஆனால் தோஷமும் இல்லை என்றார். மறுநாள் திங்கட்கிழமை, எல்லோருக்கும் வேலை. அதற்கடுத்த நாள் ஸ்தபதிக்கு விமானம். சனம் சாப்பிட்டுவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்துக்கொண்டே கலைந்து போனது. தலைவர் என்னோடு அன்றைக்கு நிறுத்திய பேச்சை வெகுகாலம் தொடங்கவில்லை. நானும் போய்க் கெஞ்சவில்லை. அவர் சண்முகத்தின் கைகளைப் பார்த்தார், நான் சண்முகத்தின் கால் நின்ற இடத்தைப் பார்த்தேன். இருவரும் பார்த்தது ஒரே மனிதனைத்தான். அதை அவருக்கு விளங்கவைக்க எனக்கு வாய் போதாது.

அன்று பின்னேரம் தூறலில் ஹேமியும் நானும் இன்னும் மூன்று பேரும் வேலை செய்தோம். பொறியியலாளர் படங்களைப் பார்த்துச் சரி சொன்னார். விடிந்ததும் கீழிருந்து மேலே எல்லாவற்றையும் மறுபடி பார்த்து, புது அட்டையில் கையெழுத்துப் போட்டுச் செருகினேன்.

திங்கட்கிழமை ஐயரும் நாலைந்து வயதானவர்களும் மட்டும் வந்திருந்தார்கள். மலர் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு வந்து கீழே நின்றாள். கண்ணாடி பிடிக்க ஆள் வேண்டும். அந்த உயரத்தில் நிற்கப் பழகியவன் நான்தான். ஐயர் ஒரு கண்ணாடியை என்னிடம் தந்து, எப்படிப் பிடிப்பது என்று சொன்னார். அம்மனின் முகத்துக்கு நேரே அதைப் பிடித்துக்கொண்டு, நான் ஒதுங்கி, முகத்தைத் திருப்பி நின்றேன். சண்முகம் மூச்சைப் பிடித்துக்கொண்டு தூரிகையை வைத்தார். ஒன்று. மற்றது. அவர் மூச்சு விட்ட சத்தம் கேட்டது. நான் பெரிய பக்திமான் இல்லை. ஆனாலும் அந்த நேரம் வாய்விட்டே அழுதேன், சொல்ல எனக்கென்ன வெட்கம்.

இறங்கி வந்ததும் சண்முகம் முதல் படியில் உட்கார்ந்தார். சப்பாத்தைக் கழற்றவில்லை. நான் அவருக்குப் பக்கத்தில் நின்றேன். முகூர்த்தத்தைக் கெடுத்தவன் என்ற கோபம் அவருக்கு என் மேல் இருக்கும் என்றுதான் நினைத்தேன். இருந்தால் நியாயம்தானே.

"நேத்துக் கத்தினது பிழை எண்டால்..." என்று தொடங்கினேன்.

அவர் கையைக் காட்டித் தடுத்தார்.

"எங்க அண்ணனும் சாரத்துல இருந்துதான் சார் விழுந்தாரு. சவுக்குக் கம்பு, கயித்துக் கட்டு. அவரு ஆசுபத்திரியில கெடக்குறாரு. மறுநாள் அதே எடத்துல, அதே சாமிக்கு, கண்ண நீ தொறடான்னு என்னைய ஏத்திவிட்டாங்க. முகூர்த்தம் போயிரும்னு. ஏறினேன். அண்ணன் அப்புறம் எந்திரிக்கவே இல்ல."

தூரிகையிலிருந்த மையை ஒரு துணியில் மெதுவாகத் துடைத்தார்.

"அதுக்கப்புறம் எத்தனையோ கோபுரம், எத்தனையோ ஊரு. எல்லாரும் ஏறு ஏறுன்னுதான் சார் சொல்லியிருக்காங்க. எறங்குன்னு என்னையப் பாத்துச் சொன்னது நீங்க ஒருத்தர்தான்."